கண்ணாடியில் ஏழு கோடுகள்

தேவிப்ரியா அந்தப் பள்ளியில் சேர்ந்து ஐந்து வாரம் ஆகியிருந்தது. அவள் குரல் எப்படி இருக்கும் என்று ஆறாம் வகுப்பில் ஒருவருக்கும் தெரியாது.

பெயரைக் கூப்பிட்டால் கையைத் தூக்குவாள். கேள்வி கேட்டால் விடையை நோட்டில் எழுதிக் காட்டுவாள். பெரும்பாலும் அது சரியாகவே இருக்கும். அவள் மடியில் எப்போதும் ஒரு மஞ்சள் பை இருக்கும். அதை மேசைக்குள் வைக்க மாட்டாள், தரையில் வைக்க மாட்டாள். சாப்பிடும்போதும் மடியில்தான்.

“அவளுக்குப் பேச வராதுபா,” என்று சரத்குமார் முடிவு கட்டிவிட்டான். மற்றவர்களும் அப்படியே நம்பினார்கள்.

அவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தவள் புவனேஸ்வரி. எல்லோருக்கும் புவனா. அவளுடைய அப்பா உதயகுமார் பிள்ளையார்பாளையத்தில் பட்டு நூலுக்குச் சாயம் போடுகிறவர். பேச வராத பெண் என்றால் உதடாவது அசையும், தொண்டையிலிருந்து ஏதாவது ஒரு சத்தமாவது வரும் என்று புவனாவுக்குத் தோன்றியது. தேவிப்ரியாவோ உதட்டை இறுக்கிப் பூட்டி வைத்திருந்தாள்.

இந்தக் கதை நடக்கிற காஞ்சிபுரத்தில் ஆறாம் வகுப்புப் பிள்ளைகளுக்குத் தமிழ், கணக்கு, அறிவியலோடு இன்னொரு பாடமும் உண்டு. அதன் பெயர் நிறவொலி. ஜூன் மாதம் பள்ளி திறந்ததும் டவுனிலும் சுற்று ஊர்களிலும் ஒவ்வொரு பிள்ளைக்கும் மரச்சட்டம் போட்ட ஒரு சின்னக் கண்ணாடி கொடுப்பார்கள். உள்ளங்கையில் அடங்கிவிடும். அதை ஒரு முழத் தூரத்துக்குள் வைத்துக்கொண்டு பேசினால், பேசிய ஒலி அதில் நிறக் கோடாக விழும்.

அதற்கு ஒரு கணக்கு இருந்தது. வல்லினம் எல்லாம் சிவப்பு. க என்றால் மிளகாய்ப் பழச் சிவப்பு, ட என்றால் அரக்கு, ப என்றால் செம்பருத்தி. மெல்லினம் எல்லாம் நீலம். ம மயில் கழுத்து, ன வானம். இடையினம் மஞ்சளும் பச்சையும். ல கிளிப்பச்சை, ய எலுமிச்சை, ழ பொன் நிறம். குறில் சேர்ந்தால் கோடு மெல்லியதாக விழும், நெடில் சேர்ந்தால் அகலமாக விழும். எந்த உயிரெழுத்து என்பதைக் கோட்டின் பளபளப்பைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும். அது டீச்சர்களுக்கே சிரமம்.

கண்ணாடியில் ஒரு மூச்சுப் பேச்சுக்குத்தான் இடம். அடுத்த ஒலி பட்டதும் பழைய கோடுகள் போய்ப் புதியவை வந்துவிடும். யாரும் பேசாவிட்டால் பழையது அப்படியே நிற்கும் என்று பாடப்புத்தகத்தில் போட்டிருந்தது.

நிறவொலியின் முதல் பாடவேளையில் சரத்குமார் தன் கண்ணாடியிடம் ‘பட்டுப்பாவாடை’ என்று சொன்னான். வரிசையாகச் சிவப்பு விழுந்து, நடுவில் ஒரே ஒரு பச்சை விழுந்தது. இதை அப்படியே புடவைக்குக் கரை போடலாம் என்றார் கமலவேணி டீச்சர். ஒரு வாரத்துக்கு அவனைக் கையில் பிடிக்க முடியவில்லை.

ஆகஸ்ட் முதல் வாரத்தில் செய்முறைத் தேர்வு வந்தது. ஒவ்வொருவரும் தங்கள் பெயரைக் கண்ணாடியிடம் சொல்லி, விழுந்த கோடுகளைப் படித்துக் காட்ட வேண்டும். தேவிப்ரியாவின் முறை வந்தபோது அவள் எழுந்து நின்று தலையை ஆட்டி மறுத்தாள். கமலவேணி டீச்சர் கோபப்படவில்லை. தன் கண்ணாடியையே நீட்டி, பையை அங்கேயே வைத்துவிட்டு முன்னால் வரும்படி சொன்னார். அவள் பையை இன்னும் இறுக்கி அணைத்துக்கொண்டாள். பிறகு நோட்டில் எழுதிக் காட்டினாள்.

‘முடியாது டீச்சர். மன்னிச்சிடுங்க.’

டீச்சர் பேனாவை வெகுநேரம் கையில் வைத்திருந்துவிட்டுப் பூஜ்ஜியம் போட்டார்.

தேவிப்ரியா உட்கார்ந்ததும் அவள் கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்ததைப் புவனா பார்த்தாள். ஒரு சின்ன விசும்பல்கூட வெளியே வரவில்லை. சத்தமே இல்லாமல் அழுகிற ஒருத்தியைப் புவனா அதற்கு முன் பார்த்ததில்லை. அன்றைக்கு அவளுக்கு மத்தியானச் சோறு இறங்கவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை உதயகுமார் சாயம் போட்ட நூலைக் கொடுக்கச் செவிலிமேடு போனார். புவனாவும் கூடப் போனாள். போன வீட்டில் அப்பா பேச ஆரம்பித்தார். அவர் பேச ஆரம்பித்தால் சாயத்தொட்டித் தண்ணீர் ஆறிப்போகும் என்று அம்மா சொல்வதுண்டு. புவனா வாசலுக்கு வந்து நின்றாள்.

எதிர்க் கடையில் ஒரு பெண் பால் வாங்கிக்கொண்டிருந்தாள்.

“அண்ணே, வேற பாக்கெட் குடுங்க. நேத்து குடுத்தது திரிஞ்சு போச்சு.”

கணீரென்ற குரல். அவள் திரும்பினாள். தேவிப்ரியா.

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்தபடி நின்றார்கள். தேவிப்ரியாவின் கையில் மஞ்சள் பை இல்லை.

“உனக்குப் பேச வருமா?” என்று புவனா மெல்லக் கேட்டாள்.

“வரும். கண்ணாடி பக்கத்துல இல்லன்னா வரும்.”

அவர்கள் தெருமுனைப் புங்கமரத்தடிக்குப் போனார்கள். அங்கே நின்றுகொண்டு தேவிப்ரியா எல்லாவற்றையும் சொன்னாள்.

அவள் ஊர் தென்னேரி. அவளுடைய அம்மா பூவம்மாள் ஜூன் மாதம் காய்ச்சலில் படுத்தாள். காஞ்சிபுரத்தில் ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். சின்னப் பிள்ளைகளை உள்ளே விடவில்லை. அப்பா தர்மன் மட்டும் போய் வந்தார். ஒரு நாள் மாலை அம்மா அவரிடம் மகளுடைய கண்ணாடியைக் கொண்டுவரச் சொன்னாள். பள்ளியில் கொடுத்து நாலு நாள்தான் ஆகியிருந்தது. அவர் கொண்டுபோய்க் கொடுத்ததும், கொஞ்சம் வெளியே இருங்கள் என்று அவரை அனுப்பிவிட்டு அதில் ஏதோ பேசினாள். பிறகு தன் பழைய புடவைத் துண்டில் நாலு மடிப்பாகச் சுற்றி, தேவியிடம் கொடுத்துவிடுங்கள் என்று சொன்னாள். மறுநாள் காலையில் அம்மா இல்லை.

“என்ன சொல்லிச்சுன்னு அப்பாவுக்கும் தெரியாது. எனக்கும் படிக்கத் தெரியல. நாம இன்னும் இடையினமே முடிக்கல இல்ல. டீச்சர்கிட்ட காட்டினா பக்கத்துல வச்சு வாய்விட்டுப் படிச்சிடுவாங்க, அழிஞ்சிடும். நானே முழுசாப் படிக்கக் கத்துக்கிற வரைக்கும் அது அழியக் கூடாது. துணி மடிப்பு தூரத்துச் சத்தத்தைத் தடுக்கும். என் சத்தத்தைத் தடுக்குமா? அது என் மடியிலதான இருக்குது?”

“ஸ்கூலுக்கு வரும்போது வீட்டுலயே வச்சுட்டு வரலாமே?”

“அம்மா போனதுலேருந்து நாங்க இருக்கிறது அத்த வூடு. சின்னப் பசங்க இருக்குது, நாள் முழுக்க டிவி ஓடும். இன்னைக்கு எல்லாரும் கல்யாணத்துக்குப் போயிட்டாங்க. அப்பா ரைஸ் மில்லுக்குப் போயிருக்காரு. அதான் பூட்டி வச்சுட்டு வந்தேன்.”

பார்க்கிறாயா என்று அவளே கேட்டாள். இருவரும் வாயில் கைக்குட்டையைக் கட்டிக்கொண்டு வீட்டுக்குள் போனார்கள். தேவிப்ரியா புடவைத் துண்டை ஒவ்வொரு மடிப்பாகப் பிரித்தாள்.

கண்ணாடியில் ஏழு கோடுகள் இருந்தன. முதலில் அகலமாக ஒரு சிவப்பு. பிறகு மெல்லியதாக இரண்டு மஞ்சள். பிறகு ஒரு அகல நீலம். அப்புறம் மெல்லிய சிவப்பு ஒன்று, மெல்லிய நீலம் ஒன்று. கடைசியில் மறுபடி ஒரு மஞ்சள், அகலமாக.

வெளியே வந்ததும் தேவிப்ரியா சொன்னாள். “அந்த மொதல் செவப்பு மொளகாப் பழம் மாதிரி பளிச்சுன்னு இருக்கும். வூட்டுக்குள்ள வெளிச்சம் பத்தல.”

 புவனா பார்த்தது மிளகாய்ப் பழம் இல்லை. பழைய செங்கல். வெளிச்சம் குறைந்தால் நிறம் கருக்கும்; இது வெளுத்திருந்தது. சாயக்காரர் வீட்டுப் பெண்ணுக்கு அந்த வித்தியாசம் தெரியாதா?

வீட்டுக்கு வந்தும் அதே நினைவாக இருந்தது. நிறம் அப்படியே நிற்கும் என்று புத்தகம் சொல்கிறது. ஆனால் யார் அதைச் சோதித்துப் பார்த்தார்கள்? பள்ளிப் பிள்ளைகளின் கண்ணாடியில் ஒரு கோடு அரைமணி நேரம் நின்றால் அதிகம்.

புவனா தன் கண்ணாடியை எடுத்தாள். க, ய, ம மூன்றும் வருகிற ஒரு சொல்லை யோசித்தாள். சமையலறையிலிருந்து அம்மா ரசத்துக்குத் தாளிக்கிற வாசனை வந்தது. “பெருங்காயம்,” என்று கண்ணாடியிடம் சொல்லிவிட்டு வாயை மூடிக்கொண்டாள். விழுந்த ஒவ்வொரு நிறத்துக்கும் அப்பாவின் கழிவு நூலிலிருந்து அச்சாக அதே நிற இழையைத் தேடி எடுத்து ஓர் அட்டையில் ஒட்டினாள். கண்ணாடியைப் பாட்டும் பேச்சும் எட்டாத பரண்மேல், இரும்புப் பெட்டியில், இரண்டு கம்பளிக்கு அடியில் வைத்தாள்.

ஏழு நாள் கழித்து எடுத்துப் பார்த்தாள். இழைகள் ஒட்டியபடியே இருந்தன. கண்ணாடியின் கோடுகள் ஒவ்வொன்றும் கொஞ்சம் வெளுத்திருந்தன. வெயில் படவில்லை. யாரும் பேசவில்லை. அப்படியும் வெளுத்திருந்தன.

இதை எப்படிச் சொல்வது? சொல்லாமலே இருந்துவிடலாமா என்றுகூட நினைத்தாள். ஆனால் கோடுகள் முழுதும் மறைந்த பிறகு தேவிப்ரியா அந்தத் துணியைப் பிரிக்கிற காட்சி மனதில் வந்தது. அது இன்னும் பயமாக இருந்தது.

மறுநாள் மத்தியான இடைவேளையில் அட்டையையும் தன் கண்ணாடியையும் தேவிப்ரியாவின் முன்னால் வைத்தாள். எழுதித்தான் காட்டினாள்.

‘ஏழு நாள்ல இப்படி ஆயிடுச்சு. நீ பேசாம இருந்தாலும் அது போயிடும் தேவி.’

தேவிப்ரியா இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்த்தாள். நோட்டை இழுத்து ‘பொய்’ என்று எழுதினாள். அழுத்தி எழுதியதில் பென்சில் முனை ஒடிந்து தாள் கிழிந்தது. பையை எடுத்துக்கொண்டு கடைசி வரிசைக்குப் போய்விட்டாள்.

இரண்டு நாள் அவள் புவனாவின் பக்கம் திரும்பவில்லை. புவனாவும் அவளைத் தொந்தரவு செய்யவில்லை. மூன்றாம் நாள் காலையில் புவனா வந்தபோது தேவிப்ரியா பழைய இடத்தில் உட்கார்ந்திருந்தாள். கண் வீங்கியிருந்தது. ஒரு துண்டுத்தாளைத் தள்ளினாள்.

‘இன்னும் எத்தன நாள் இருக்கும்?’

‘தெரியல. ஒரு மாசம் இருக்காதுன்னு நினைக்கிறேன்,’ என்று எழுதிய புவனா, அதற்குக் கீழே இன்னொரு வரி எழுதினாள். ‘ஆனா பட்டு நூல்ல போட்ட நிறம் நிக்கும். எங்க அப்பா போட்டுத் தருவாரு.’

உதயகுமாரிடம் புவனா எல்லாவற்றையும் சொன்னபோது அவர் வழக்கம்போல் நடுவில் பேசவில்லை. கடைசியில் ஒரே ஒரு சந்தேகம் கேட்டார்.

“வேல முடியற வரைக்கும் நான் பேசவே கூடாதா?”

“ஒரு வார்த்தகூடப் பேசக் கூடாதுப்பா.”

“சரி,” என்றார். அம்மா கலாவதி நம்பிக்கை இல்லாமல் அவரைப் பார்த்தாள்.

சனிக்கிழமை காலை தேவிப்ரியா பையோடு வந்தாள். பட்டறையில் வேலை செய்பவர்களுக்கு அன்றைக்கு விடுமுறை. புவனா வாயில் கைக்குட்டை கட்டியிருந்தாள். உதயகுமார் ஒரு துண்டை வாயைச் சுற்றி இரண்டு முடிச்சுப் போட்டுக்கொண்டு தயாராக நின்றார். ஏதோ சொல்ல வாயெடுத்து, ஞாபகம் வந்து, மூன்றாவது முடிச்சும் போட்டார். தேவிப்ரியாவின் முகத்தில் லேசாக ஒரு சிரிப்பு வந்ததைப் புவனா பார்த்தாள்.

கண்ணாடியை ஜன்னலோரம், நிழல் வெளிச்சத்தில் வைத்தார்கள். வேலை நினைத்ததைவிடக் கடினமாக இருந்தது. கண்ணாடியில் இப்போது தெரிகிற வெளுத்த நிறத்தைப் போட்டால் பயனில்லை. பூவம்மாள் பேசியபோது விழுந்த நிறம் வேண்டும். வெளுத்த மஞ்சளில் ய எது, ர எது, ழ எது என்று யாராலும் சொல்ல முடியாது. உதயகுமார் புவனாவின் பெருங்காய அட்டையை எடுத்துக்கொண்டார். ஒரு வாரத்தில் எவ்வளவு வெளுத்தது என்பது அதில் இருந்தது. அப்படியானால் பூவம்மாள் பேசியதிலிருந்து ஒன்பது வாரத்துக்கு எவ்வளவு? விரலை மடக்கி, தலையைச் சாய்த்து, கண்ணைச் சுருக்கி அவர் மனதுக்குள் நிறத்தைப் பின்னோக்கி ஓட்டினார்.

அடுப்பில் தண்ணீர் கொதித்தது. மூங்கில் கோலில் தொங்கவிட்ட நூலை வெந்நீரில் திருப்பித் திருப்பி எடுத்தார். காயவைத்துக் கண்ணாடி அருகே பிடித்துப் பார்த்தார். பிடிக்கவில்லையென்றால் மறுபடி போட்டார். முதல் சிவப்புக்கு நாலு தடவை. அதைக் காட்டியபோது தேவிப்ரியா இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு வேகமாகத் தலையாட்டினாள். அதுதான். மிளகாய்ப் பழம்.

ஐந்து நிறம் முடிந்தது. ஆறாவது நிறத்துக்காக உதயகுமார் குனிந்தபோது, தெருமுனையில் ஒலிபெருக்கி கேட்டது.

“தக்காளி தக்காளி தக்காளி... நாட்டுத் தக்காளி...”

காய்கறி ஆட்டோ. சாதாரணப் பேச்சென்றால் ஒரு முழம்தான். ஒலிபெருக்கி வாசலுக்கு வந்துவிட்டால் துணி மடிப்பு தாங்காது. தேவிப்ரியா கண்ணாடியைத் துணியோடு அள்ளி வயிற்றில் அணைத்து, அதன்மேல் கவிழ்ந்து குனிந்துகொண்டாள். புவனா செருப்புக்கூடப் போடாமல் ஓடினாள்.

ஆட்டோவுக்கு முன்னால் போய்க் கையை விரித்து நின்றாள். ஓட்டி வந்த பெரியவர் பதறிப்போய் நிறுத்தினார். அவள் கையால் ஏதேதோ காட்டினாள். அவருக்குப் புரியவில்லை. தன் வாய்க்கட்டு அப்போதுதான் அவளுக்கு ஞாபகம் வந்தது. அதைக் கீழே இழுத்தாள்.

“செத்துப்போன அம்மா பேசினது ஒரு கண்ணாடியில இருக்குது தாத்தா. சத்தம் பட்டா அழிஞ்சிடும். தயவுசெஞ்சு நிறுத்துங்க.”

அவர் வேறொன்றும் கேட்கவில்லை. ஒலிபெருக்கியை அணைத்தார். தெரு முடிகிறவரை அதைத் திரும்பப் போடவே இல்லை. தாம்பாளத்தோடு வாசலுக்கு வந்த பெண்களிடம் உதட்டில் விரலை வைத்துக் காட்டிவிட்டு, விரல்களாலேயே விலை சொல்லித் தக்காளி நிறுத்துக் கொடுத்தார்.

புவனா திரும்பி வந்தபோது தேவிப்ரியா இன்னும் குனிந்தபடியே இருந்தாள். துணியைப் பிரிக்க அவளுக்குத் துணிவில்லை. புவனாதான் பிரித்தாள். ஏழு கோடுகளும் இருந்தன.

சாயங்காலத்துக்குள் வேலை முடிந்தது. அகலக் கோட்டுக்கு அதிக இழை, மெல்லிய கோட்டுக்குக் குறைவான இழை என்று வைத்து, கலாவதி அவற்றை வரிசைப்படி ஓர் அட்டையில் சுற்றிக் கொடுத்தாள். தேவிப்ரியா கண்ணாடியோடு படி இறங்கிப் போன பிறகுதான் உதயகுமார் வாய்க்கட்டை அவிழ்த்தார். அப்படியும் அன்றைக்கு அவர் அதிகம் பேசவில்லை.

திங்கட்கிழமை பள்ளி விட்டதும் இருவரும் கமலவேணி டீச்சரிடம் போனார்கள். தேவிப்ரியாவை அழைத்துப்போக அவளுடைய அப்பாவும் வருவதாக இருந்தது. நடந்ததையெல்லாம் புவனா சொல்லக் கேட்ட டீச்சர், பெருங்காய அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“இது புத்தகத்துல இல்ல புவனா. இத யாருமே பார்த்ததில்ல.”

பிறகு பட்டு இழைகளை வெளிச்சத்தில் பிடித்துச் சாய்த்துப் பார்த்து, ஒவ்வொரு எழுத்தாகக் காகிதத்தில் எழுதினார். மேசைக்கு இந்தப் பக்கம் தேவிப்ரியா மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பை மடியில் இருந்தது. இத்தனை நாளும் அவள் மனதுக்குள் எத்தனையோ வாக்கியங்களைச் சொல்லிப் பார்த்திருந்தாள். நல்லா படி. அப்பாவைப் பார்த்துக்கொள். அழாதே. இவற்றில் எது?

“கோ... யி... ய... மூ... டி... னி... யா,” என்று டீச்சர் படித்தார். நெற்றியைச் சுருக்கினார். “கோயில மூடினியா, அப்படியா? ஆனா ல வரலியே. மூணும் எலுமிச்ச மஞ்சள்தான். ஒரு கோடு விட்டுப்போச்சோ?”

புவனா இழைகளை மறுபடி எண்ணிப் பார்த்தாள். அப்பா தப்பாகப் போட்டுவிட்டாரா? கோயிலை எதற்கு மூட வேண்டும்? காஞ்சிபுரத்தில் இத்தனை கோயில் இருக்கிறது, எதை?

தேவிப்ரியா அசையாமல் அந்தக் காகிதத்தையே பார்த்தாள்.  நோட்டை இழுத்துக் கோணல்மாணலாக எழுதினாள்.

‘கோயில் இல்ல டீச்சர். கோழி. எங்க அம்மா கோழிய கோயின்னுதான் சொல்லும்.’

கோழியை மூடினாயா?

பின்னால் தேவிப்ரியா சொல்லித்தான் புவனாவுக்கு முழுதும் தெரிந்தது. தென்னேரியில் அவர்கள் வீட்டில் பதினொரு கோழிகள் இருந்தன. பொழுது சாய்ந்ததும் அவற்றைப் பஞ்சாரத்தில் அடைத்து மூடுவது அவளுடைய வேலை. ஒரு தடவை மறந்தபோது கீரி வந்து இரண்டைக் கடித்துப் போட்டுவிட்டது. அன்றையிலிருந்து அம்மா ஒரு நாள் தவறாமல் அதைக் கேட்பாள். சமைத்துக்கொண்டே கேட்பாள், துணி மடித்துக்கொண்டே கேட்பாள். ஆஸ்பத்திரிக் கட்டிலிலும் பொழுது சாய்ந்தது. அவள் கேட்டாள்.

தேவிப்ரியாவுக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. சத்தம் வராமல் இரண்டையும் அடக்கிக்கொண்டு தோள் குலுங்க உட்கார்ந்திருந்தாள். கொஞ்ச நேரத்தில் அது நின்றது. பைக்குள் கையை விட்டுத் துணியை எடுத்து நாலு மடிப்பையும் பிரித்தாள். வெளுத்துப் போன ஏழு கோடுகளை நன்றாகப் பார்த்தாள். பிறகு கண்ணாடியை வாய்க்கு அருகே கொண்டுபோனாள்.

புவனா தடுக்கக் கையை நீட்டினாள். டீச்சர் அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.

“மூடிட்டேம்மா,” என்றாள் தேவிப்ரியா. “அன்னைக்கும் மூடிட்டேன்.”

பழைய கோடுகள் ஒரு நொடியில் மறைந்தன. அந்த இடத்தில் புத்தம் புதிதாக மயில் கழுத்தும் அரக்கும் வானநீலமும் விழுந்து ஒளிர்ந்தன.

“ஏன் தேவி?” என்று புவனா கேட்டாள். அவளுக்குத்தான் அழுகை வந்தது.

“அம்மா கேட்டுச்சு இல்ல? பதில் சொல்ல வேணாமா?” பட்டு இழை சுற்றிய அட்டையை எடுத்துச் சட்டையோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள். “அது கேட்டது இங்க இருக்குது. இது போவாது.”

வாசலில் தர்மன் நின்றுகொண்டிருந்தார். எப்போது வந்தார் என்று யாரும் கவனிக்கவில்லை. ரைஸ் மில் தவிடு அவர் சட்டையெல்லாம் ஒட்டியிருந்தது. மகள் சொன்னது அவர் காதில் விழுந்திருந்தது. டீச்சர் காகிதத்தை அவரிடம் நீட்டினார். அவர் அதை எழுத்துக் கூட்டிப் படித்தார், மறுபடியும் படித்தார். தோளில் கிடந்த துண்டால் முகத்தை அழுத்தித் துடைத்தார்.

“என்னத் தொரத்திட்டு இதத்தான் கேட்டாளா,” என்றார்.

தெருவுக்கு வந்ததும் தேவிப்ரியா பேச ஆரம்பித்தாள். முதலில் மெதுவாக. பிறகு, ஒன்பது வாரமாகச் சேர்த்து வைத்ததெல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக வந்தது. டீச்சர் பூஜ்ஜியம் போட்டது, பால் திரிந்தது, புவனாவின் அப்பா வாயில் மூன்று முடிச்சுப் போட்டது, தக்காளி ஆட்டோ. கண்ணாடி அவள் கையிலேயே இருந்தது. ஒவ்வொரு வார்த்தைக்கும் அதில் நிறம் மாறிக்கொண்டே போனது. அவள் அதைக் குனிந்து பார்க்கக்கூட இல்லை.

தர்மன் மொபெட்டைக் கிளப்பச் சாவியைப் போட்டார். பிறகு என்ன நினைத்தாரோ, சாவியை எடுத்துச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டார். வண்டிச் சத்தத்தில் அவள் பேசுவது கேட்காது. செவிலிமேடு வரைக்கும் அவர் வண்டியைத் தள்ளிக்கொண்டே நடந்தார்.